மண்டிக் கணக்கு

ஒத்துழையாமை இயக்கம் தீவிரமாக இருந்த நேரம். வக்கீல்கள் கோர்ட்டுக்குப் போகக் கூடாது, வழக்குள்ளவர்களும் கோர்ட்டுப் படி ஏறக் கூடாது என்பது காங்கிரஸின் கட்டளை. ஈரோட்டு மண்டிக்காரர் ஒருவருக்கு அப்போது வெளியிலிருந்து வரவேண்டிய கடன் ஏறக்குறைய 50,000 ரூபாய். புரோநோட்டும் பத்திரமுமாக எல்லாம் கையில் இருந்தன. ஒரு குமாஸ்தா மாதம் முப்பது ரூபாய் சம்பளத்தில் குடும்பம் நடத்திய காலம் அது. வழக்குப் போட்டால் வசூலாகும், போடாவிட்டால் தவணை கடந்து எல்லாம் வெற்றுக் காகிதமாகும்.

செய்தி சேலம் விஜயராகவாச்சாரியாரின் காதுக்குப் போயிற்று. 1920 டிசம்பரில் ஒத்துழையாமைத் தீர்மானத்தை உறுதி செய்த நாகபுரி காங்கிரஸுக்குத் தலைமை வகித்தவர் அவர். பெரிய வக்கீல். அவருக்கே மனசு கேட்கவில்லை. பத்திரங்களைத் தம் பெயருக்கு மாற்றித் தந்தால், தாமே வழக்காடி வசூல் செய்து பணத்தைக் கொடுத்துவிடுவதாகச் சொல்லியனுப்பினார். மண்டிக்காரர் சம்மதிக்கவில்லை. நான் போனால் என்ன, எனக்காக இன்னொருவர் போனால் என்ன, இரண்டும் ஒன்றுதானே என்பது அவர் பதில். பணம் போயிற்று.

அந்த மண்டிக்காரர்தான் ஈ.வெ.ராமசாமி. பெரியார் என்று ஊர் அழைக்கத் தொடங்கியது பின்னால். கறுப்புச் சட்டையும் வெண்தாடியும் கைத்தடியுமாக நாம் பார்த்துப் பழகிய உருவத்தை இந்த வாரம் கொஞ்சம் தள்ளி வைத்துவிடுவோம். மூட்டைக்கு விலாசம் எழுதிக்கொண்டிருந்த பையனிலிருந்து ஆரம்பிக்கலாம். அந்த மண்டியைத் தெரிந்துகொள்ளாமல் அவருடைய அரசியலைத் தெரிந்துகொள்ள முடியாது என்பது என் உறுதியான எண்ணம்.

அப்பா வெங்கட்ட நாயக்கர் சிறு வயதிலேயே பெற்றோரை இழந்தவர். கூலி வேலை செய்தார். கல் வேலை செய்பவர்களுக்குக் கையாளாகப் போனார். பிறகு வண்டி ஓட்டினார், அப்புறம் ஒரு சின்ன மளிகைக் கடை, கடைசியில் மொத்த வியாபார மண்டி. கணவனுக்குச் சமமாக உழைத்தவர் சின்னத்தாயம்மாள். ஒரே தலைமுறையில் தெருவிலிருந்து திண்ணைக்கும், திண்ணையிலிருந்து மாளிகைக்கும் ஏறிய குடும்பம். அந்த ஏற்றத்தில் ஊருக்கும் பங்கு உண்டு. 1860களில் ரயில் வந்து, திருச்சிப் பாதையும் சேர்ந்து, ஈரோடு சந்திப்பானது. காவிரிக் கரை விளைச்சலும் மேட்டுக்காட்டு விளைச்சலும் அங்கே வந்து இறங்கின. மஞ்சள், மிளகாய், மல்லி, எள், கருப்பட்டி என்று எதைக் கொண்டுவந்தாலும் வாங்க ஆள் இருந்தது, ஏற்றிவிட ரயில் இருந்தது. 1871-ல் நகராட்சியும் வந்துவிட்டது.

1879 செப்டம்பர் 17 அன்று ராமசாமி பிறந்தபோது குடும்பம் வசதிக்கு வந்துவிட்டது. ஆனாலும் அவருடைய சிறு வயதில் சில வருஷங்கள் ஏழ்மையில்தான் கழிந்தன. உறவில் விதவையான ஒரு பாட்டி அவரைத் தத்துப் பிள்ளைபோல் எடுத்து வளர்த்தார். அங்கே பழைய சோறுதான். கண்டிப்பில்லை, தெருவெல்லாம் திரியலாம். பள்ளிக்கூடத்திலும் படிப்பை விட வம்புதான் அதிகம். எந்த வீட்டில் தண்ணீர் வாங்கிக் குடிக்கக் கூடாது என்று சொல்லியிருந்தார்களோ அந்த வீடுகளிலேயே குடித்தான் என்று அடி வாங்கினார். பத்து வயதை ஒட்டிப் படிப்பு நின்றது. பன்னிரண்டு வயதில் மண்டிக்கு வந்துவிட்டார்.

அங்கே அவருக்குத் தந்த வேலை இரண்டு. மூட்டைகளுக்கு விலாசம் போடுவது ஒன்று. சரக்கை ஏலம் கூறுவது இன்னொன்று.

இந்த இரண்டாவது வேலையைச் சாதாரணமாக நினைத்துவிடக் கூடாது. மண்டி சில்லறைக் கடையைப் போன்றதல்ல. குடியானவர் சரக்கோடு வருகிறார், வாங்குகிற வியாபாரி இன்னொரு ஊரிலிருந்து வருகிறார், நடுவில் நிற்பவர் மண்டிக்காரர். விற்றவருக்கு விலை குறைந்துவிட்டது என்ற நினைப்பும், வாங்கியவருக்குக் கூடிவிட்டது என்ற நினைப்பும் எப்போதும் உண்டு. இருவரும் மறுபடியும் அதே மண்டிக்கு வரவேண்டும் என்றால் ஏலம் போடுகிறவன் வாயில் பொய் இருக்கக் கூடாது, பேச்சில் சுற்றிவளைப்பும் கூடாது. வண்டிக்காரர், மூட்டை தூக்குபவர், செட்டியார், ராவுத்தர், கவுண்டர் என்று எல்லாரும் நிற்கிற இடத்தில் எல்லாருக்கும் ஒரே குரலில், ஒரே சொல்லில் விளங்கும்படி பேசவேண்டும். சரக்கில் சொத்தை இருந்தால் அள்ளிக் காட்டி, இது சொத்தை என்று சொல்லத்தான் வேண்டும். பிற்காலத்தில் மூன்று மணி நேரம், நான்கு மணி நேரம் கூட்டத்தை அசையாமல் உட்காரவைத்த அந்தப் பேச்சு எந்த இலக்கணப் பள்ளியிலும் பயின்றதல்ல. மண்டியின் ஏலக் குரலைத்தான் தமிழ்நாடு ஐம்பது ஆண்டுகள் மேடையில் கேட்டது.

வேலை ஓய்ந்த நேரத்தில் புராண விவாதம். வெங்கட்ட நாயக்கர் பக்திமான், பாகவதர்களுக்கும் சந்நியாசிகளுக்கும் வீட்டில் எப்போதும் இலை போட்டிருக்கும். வந்தவர்கள் கதை சொல்வார்கள், மகன் இடைமறித்துக் கேள்வி கேட்பார். ஒருவர் சொன்னதும் இன்னொருவர் சொன்னதும் ஒத்துப்போகவில்லையே என்று விசாரிப்பார். இரண்டு பேரேடுகளை ஒப்பிட்டுப் பார்க்கிற பழக்கம் அதிலும் வந்துவிட்டது.

1898-ல் நாகம்மையோடு திருமணம். ஒரு பெண் குழந்தை பிறந்து ஐந்து மாதத்தில் இறந்துபோனது. அப்புறம் குழந்தையில்லை.

இந்தக் காலத்துச் சம்பவம் ஒன்று அவருடைய வாழ்க்கை வரலாறுகளில் வருகிறது. கடன் வாங்கிவிட்டுத் திருப்பித் தராமல், சமயப் பெரியவர் ஒருவரின் உறவு என்ற மறைவில் இருந்த ஒருவரை, கோர்ட்டுச் சேவகரோடு போய்ப் பிடித்துக் கொடுத்தார் ராமசாமி. அதனால் அங்கே ஏற்பாடாகியிருந்த விருந்து தடைபட்டது. மகனை நாலு பேர் பார்க்கச் செருப்பால் அடித்தார் அப்பா. மற்றொரு வியாபாரியின் கடன் வசூலாக வேண்டும் என்று கோர்ட்டுச் சேவகரோடு போனவர்தான், இருபது வருஷம் கழித்துத் தம் சொந்தக் கடனுக்காக அந்தக் கோர்ட்டின் வாசலை மிதிக்க மறுத்தார். மனிதர் மாறிவிட்டார் என்று நான் நினைக்கவில்லை. முதலில் காப்பாற்றியது ஒரு வியாபாரிக்குக் கொடுத்த வாக்கை, பிறகு காப்பாற்றியது ஒரு கட்சிக்குக் கொடுத்த வாக்கை.

1904-ல் வீட்டை விட்டுக் கிளம்பினார். பெஜவாடா, ஐதராபாத், கல்கத்தா என்று சுற்றிக் காசி போய்ச் சேர்ந்தார். தர்ம சத்திரங்களில் பிராமணர்களுக்கு மட்டும்தான் சோறு. பூணூல் போட்டுப் பார்த்தும் மீசை காட்டிக்கொடுத்துவிட்டது. தள்ளிவிட்டார்கள். பசி தாங்காமல் வாசலில் எறிந்திருந்த எச்சில் இலைகளில் இருந்ததை எடுத்துச் சாப்பிட்டதாக அவரே பலமுறை சொல்லியிருக்கிறார். அந்தச் சத்திரத்தைக் கட்டியவர் பிராமணரல்லாத தென்னாட்டு வியாபாரி என்பதைக் கவனித்ததாகவும் சொல்லியிருக்கிறார். பணம் போட்டவன் வீட்டுப் பிள்ளைகள் வாசலில் பட்டினி கிடக்கவேண்டும் என்றால் இது என்ன கணக்கு என்ற கேள்வி ஒரு மண்டிக்காரருக்குத்தான் முதலில் தோன்றும்.

கடைசியில் ஏலூரில் இருந்தவரை அப்பா தேடிப்போய் அழைத்துவந்தார். போட்டுக்கொண்டு போன நகைகளைப் பெரும்பாலும் விற்காமல் மகன் திருப்பிக் கொடுத்தாராம். அப்படியானால் சாப்பாட்டுக்கு என்ன செய்தாய் என்று அப்பா கேட்க, ஈரோட்டில் நாம் வந்தவர்க்கெல்லாம் போட்ட சோற்றை வழியெல்லாம் வசூல் செய்துவிட்டேன் என்றாராம்.

ஊர் திரும்பியதும் வெங்கட்ட நாயக்கர் ஒரு காரியம் செய்தார். மண்டியின் பெயரையே மாற்றினார். வெங்கட்ட நாயக்கர் மண்டி, ஈ.வெ.ராமசாமி நாயக்கர் மண்டி ஆயிற்று. ஓடிப்போன மகனுக்கு உபதேசம் செய்வதைவிடப் பொறுப்பைத் தலையில் வைப்பது பலன் தரும் என்று அந்த அனுபவசாலிக்குத் தெரிந்திருந்தது. பெயர்ப்பலகையில் இருந்த அந்தச் சாதிப் பட்டத்தை மகனும் அவர் தோழர்களும் பின்னால் கழற்றி எறிந்தார்கள். 1929 செங்கல்பட்டு சுயமரியாதை மாநாட்டில் அது தீர்மானமாகவே வந்தது. அது பின்னால் வரவேண்டிய கதை. 1911-ல் தந்தை இறந்தபோது மண்டி நல்ல நிலையில் இருந்தது, பிள்ளையின் பேச்சுக்கு ஊரில் மதிப்பும் இருந்தது.

அந்த மதிப்பு பணத்தால் மட்டும் வந்ததல்ல. ஈரோட்டில் பிளேக் வந்த சமயம் வசதியுள்ளவர்கள் வீட்டைப் பூட்டிக்கொண்டு வெளியூர் போய்விட்டார்கள். செத்தவர்களைத் தூக்க உறவினரே அஞ்சிய நாள்களில், ராமசாமி பிணங்களைச் சுமந்து போய் அடக்கம் செய்தார். நகரத்தில் யாரும் அதை மறக்கவில்லை. வியாபாரிகளுக்குள் தகராறு வந்தால் மத்தியஸ்தம் அவரிடம் போயிற்று. பிறகு பதவிகள் ஒன்றன்பின் ஒன்றாகத் தேடி வந்தன. கௌரவ மாஜிஸ்திரேட், தாலுகா போர்டு, ஜில்லா போர்டு, தேவஸ்தானக் கமிட்டி, வியாபாரிகள் சங்கம். சாமி இல்லை என்று பேசுகிறவர் கோயில் கமிட்டியில் என்ன செய்தார் என்று கேட்கலாம். கணக்குப் பார்த்தார். கோயில் பணம் ஊர்ப் பணம், அதில் காசு சிந்தக் கூடாது என்பதில் அவருக்குச் சந்தேகமே இருந்ததில்லை.

எல்லாவற்றுக்கும் மேலே ஈரோடு நகராட்சித் தலைவர் பதவி. 1919 வரை அந்த நாற்காலியில் இருந்தார். குறுகிய தெருக்களை அகலப்படுத்தினார், ஆக்கிரமிப்புகளை எடுத்தார். காவிரித் தண்ணீரைக் குழாயில் நகருக்குள் கொண்டுவரும் திட்டம் அவர் பெயரோடு சேர்ந்தது. கூப்பிடு தூரத்தில் காவிரி ஓடியும் குடிக்க நல்ல தண்ணீர் இல்லாமல் இருந்த ஊர் ஈரோடு. சுத்தமான தண்ணீரின் விலை, பிளேக்கில் பிணம் தூக்கியவருக்குத் தெரியாமல் இருக்குமா?

அதே சமயத்தில் பக்கத்துச் சேலத்தில் நகராட்சித் தலைவராக இருந்தவர் சக்கரவர்த்தி ராஜகோபாலாச்சாரியார். ஒருவர் படித்த வக்கீல், இன்னொருவர் பத்து வயதில் பள்ளியை விட்ட வியாபாரி. இருவரும் ஒருவரையொருவர் அளந்து பார்த்துப் பிடித்துப்போன நண்பர்கள். டாக்டர் வரதராஜுலு நாயுடுவும் சேர்ந்துகொண்டார். 1919-ல் ஜாலியன்வாலாபாக் படுகொலை நடந்தது. நாடே கொதித்தது. ராஜாஜி நகராட்சியை விட்டார், ராமசாமியையும் விடச் சொன்னார். தாம் வகித்துவந்த பொதுப் பதவிகளை ராமசாமி ராஜிநாமா செய்தார். அவை 29 என்பது அவர் தரப்பில் சொல்லப்படும் கணக்கு. அந்த ஆண்டு அமிர்தசரஸ் காங்கிரஸுக்குப் போனார். அடுத்து மண்டியையும் மூடினார்.

நாற்பது வயது அவருக்கு. வியாபாரி லாபம் பார்க்கிற வயது அது. என்னைக் கேட்டால், அவர் வாழ்க்கையின் பெரிய முடிவு இதுதான். பிற்காலத்துப் போராட்டங்களில் அவருக்குப் பின்னால் ஆயிரக்கணக்கானோர் நின்றார்கள். மண்டிக் கதவைச் சாத்தியபோது பக்கத்தில் இருந்தவர் நாகம்மை மட்டுமே.

காங்கிரஸில் அவர் உழைத்தது வியாபாரி உழைக்கிற மாதிரிதான். கதர் மூட்டையைத் தோளில் போட்டுக்கொண்டு தெருத் தெருவாக விற்றார். மூட்டைக்கு விலாசம் போட்ட கைக்கு மூட்டை சுமப்பது புதிதல்ல. எண்பது வயதுத் தாயாரையும் கதர் கட்டவைத்தார். மனைவி, தங்கை கண்ணம்மாள் எல்லாருக்கும் முரட்டுக் கதர்தான். தமிழ்நாடு கதர் வாரியத்தின் தலைவரானார். திருச்செங்கோட்டுக்குப் பக்கத்தில் ராஜாஜி காந்தி ஆசிரமத்தைத் தொடங்கியபோது, 1925 பிப்ரவரியில் அதைத் திறந்துவைத்தவர் ஈ.வெ.ரா.தான்.

கள்ளுக்கடை மறியல் வந்தது. சேலம் தாதம்பட்டியில் அவர் தோப்பில் இருந்த ஐந்நூறு தென்னை மரங்களை வெட்டிச் சாய்த்தார். மரம் என்ன பாவம் செய்தது, கள் இறக்காமல் தேங்காய் விற்கலாமே என்று இன்றைக்கும் சிலர் கேட்கிறார்கள். கேட்கவேண்டிய கேள்விதான். ஆனால் ஊரிலுள்ள கள்ளுக்கடைக்காரரிடம் பிழைப்பை விடு என்று போய்ச் சொல்கிறவர், தமக்கு அதில் ஒரு காசும் வரவில்லை என்று காட்டியாக வேண்டும். ஏலம் போடுகிறவன் தானே சரக்கை மறைத்து வைத்துக்கொண்டு கூவக் கூடாது என்ற அதே நியாயம்தான்.

1921 இறுதியில் ஈரோட்டில் மறியல் செய்து அவர் சிறை போனார். நாகம்மையும் கண்ணம்மாளும் தெருவுக்கு வந்தார்கள். 144 தடையுத்தரவை மீறினார்கள். அந்தப் பெண்களைக் கைது செய்தால் ஊரே திரண்டு வரும் என்று அஞ்சிய அதிகாரிகள் தடையை விலக்கிக்கொண்டார்கள். சமரசப் பேச்சில் மறியலை நிறுத்தும்படி கேட்டபோது, அது தம் கையில் இல்லை, ஈரோட்டிலுள்ள இரண்டு பெண்களிடம் கேட்கவேண்டும் என்று காந்தி பதில் சொன்னதாகத் திராவிட இயக்க நூல்கள் தொடர்ந்து எழுதிவந்திருக்கின்றன.

1924 மார்ச் 30 அன்று திருவிதாங்கூரில் வைக்கம் சத்தியாக்கிரகம் ஆரம்பித்தது. கோயிலைச் சுற்றிய தெருவில் ஈழவரும் புலையரும் நடக்கக் கூடாது என்ற தடையை எதிர்த்து. முன்னின்ற கேரளத் தலைவர்கள் கைதானதும் ஈ.வெ.ரா.வுக்கு அழைப்பு வந்தது. அப்போது அவர் தமிழ்நாடு காங்கிரஸின் தலைவர். பொறுப்பை ராஜாஜியிடம் விட்டுவிட்டு ஏப்ரல் 13-ல் வைக்கம் போய் இறங்கினார். போலீஸ் அதிகாரியும் தாசில்தாரும் எதிரே வந்து வரவேற்றார்கள். கைது செய்ய அல்ல, உபசரிக்க. திருவிதாங்கூர் மகாராஜா டில்லி போகும் வழியில் ஈரோட்டில் தங்கினால், அது ஈ.வெ.ரா.வின் பங்களாவில்தானாம். அந்த உபசாரத்துக்கு இது பதில் உபசாரம் என்று அவரே நினைவுகூர்ந்திருக்கிறார். சில நாள் அவர் பேச்சைக் கேட்ட பிறகு அதே அரசாங்கம் அவரைச் சிறையில் போட்டது.

முதல் முறை ஒரு மாதம் அருவிக்குத்தியில். வெளியே வந்ததும் தடையை மீறி மறுபடியும் வைக்கம். இரண்டாம் முறை திருவனந்தபுரத்தில் கடுங்காவல். கூட இருந்த கே.பி.கேசவ மேனன் தம் நினைவுகளில் அவரை எழுதிவைத்திருக்கிறார். காலில் விலங்கு, தலையில் கைதிக் குல்லாய், முழங்கால் வரை ஒரு துணி, கழுத்தில் எண் கட்டை. கொலைகாரரோடும் திருடரோடும் சேர்ந்து வேலை, அதுவும் மற்றவர்கள் செய்வதைப் போல் இரண்டு பங்கு. ராஜா வீட்டுக்கு விருந்தளித்த செல்வந்தரின் கோலம் இது. மொத்தம் 141 நாள்கள் அந்தப் போராட்டத்தில் கழித்தார், அதில் 74 நாள்கள் சிறையில். நாகம்மையும் அங்கே போய்ப் பெண்களைத் திரட்டினார்.

திரும்பி வந்தவருக்குச் சொந்தக் கட்சிக்குள்ளேயே வேறொரு கணக்கு காத்திருந்தது. சேரன்மாதேவியில் வ.வே.சு.ஐயர் நடத்திய குருகுலத்துக்குத் தமிழ்நாடு காங்கிரஸ் 10,000 ரூபாய் தருவதாக ஒப்புக்கொண்டு, முதலில் 5,000 கொடுத்திருந்தது. எல்லாச் சாதிப் பிள்ளைகளும் சேர்ந்து வாழ்ந்து தேசபக்தி கற்பார்கள் என்பது நம்பிக்கை. ஆனால் சில பிராமணப் பிள்ளைகளுக்குத் தனிப் பந்தி நடப்பது தெரியவந்தது. ஊர்ப் பணத்தில் நடக்கிற இடத்தில் இலை எப்படி இரண்டாகும்? காசிச் சத்திரத்து வாசல் அவருக்கு மறந்திருக்க நியாயமில்லை. மீதி 5,000-ஐத் தரமாட்டேன் என்று நின்றார். வரதராஜுலு நாயுடு மேடையேறினார், தமிழ்நாடு இரண்டுபட்டது. வ.வே.சு. தியாகத்தில் யாருக்கும் குறைந்தவரல்ல. 1925 ஜூனில் பாபநாசம் அருவியில் மகளைக் காப்பாற்றப் போய் அவரே மாண்டார். அந்தச் சாவு எல்லாரையும் உலுக்கியது. கேள்வி மட்டும் அப்படியே நின்றது.

அதற்கு ஒரு மாதம் முன்னால், 1925 மே 2 அன்று, ஈரோட்டில் 'குடிஅரசு' வார இதழ் பிறந்திருந்தது. திருப்பாதிரிப்புலியூர் ஞானியார் சுவாமிகள் அச்சகத்தைத் திறந்துவைத்தார். ஆசிரியர்கள் ஈ.வெ.ராமசாமியும் தங்கப்பெருமாள் பிள்ளையும். சென்னையை விட்டு ஒரு மண்டி ஊரிலிருந்து அரசியல் பத்திரிகை நடத்துவதென்பது சாதாரணத் துணிச்சல் அல்ல. ஊர் ஊராய் ஏஜெண்டுகள், சந்தா, பாக்கி, தபால் செலவு என்ற அந்தத் தொழிலின் தலைவலிகள் பல பத்திரிகைகளைக் கொன்றிருக்கின்றன. மண்டி நடத்தியவருக்கு அவை பழகிய விஷயம்.

அந்த நவம்பரில் காஞ்சிபுரத்தில் தமிழ்நாடு காங்கிரஸ் மாநாடு கூடியது. தலைமை திரு.வி.க. அரசு வேலையிலும் பிரதிநிதித்துவத்திலும் ஒவ்வொரு வகுப்புக்கும் மக்கள்தொகைப்படி பங்கு வேண்டும் என்ற தீர்மானத்தை ஈ.வெ.ரா. கொண்டுவந்தார். முந்தைய மாநாடுகளிலும் அதைக் கொண்டுவந்து தோற்றவர்தான். இம்முறை விவாதத்துக்கே அனுமதி கிடைக்கவில்லை. திரு.வி.க.வும் அவரும் நெருங்கிய நண்பர்கள், அதனால் அந்த மறுப்பு இருவருக்குமே வலித்திருக்கும். ஈ.வெ.ரா. எழுந்தார். காங்கிரஸால் பிராமணரல்லாதார் நன்மை பெற முடியாது என்று சொல்லிவிட்டுப் பந்தலை விட்டு வெளியேறினார். உடன் சிலர் எழுந்து வந்தார்கள்.

மண்டியை மூடிக் கட்சிக்கு வந்து ஐந்தாறு வருஷம் ஆகியிருந்தது. வசூலாகாத கடன் போயிற்று, தென்னந்தோப்பு போயிற்று, 29 பதவிகள் போயின. இப்போது கட்சியும் போயிற்று. அவர் ஈரோட்டுக்குத் திரும்பியதும் ஒரு பயணம் காத்திருந்தது. வைக்கத்தில் கோயிலைச் சுற்றிய தெருக்களில் மூன்று பக்கம் எல்லாருக்கும் திறந்துவிட்டார்கள், வெற்றி விழாவுக்கு அவர் வரவேண்டும். காஞ்சிப் பந்தலை விட்டு வெளியேறிய அடுத்த வாரம், நவம்பர் 29 அன்று, ஒரு காலத்தில் தாம் விலங்கோடு நின்ற சமஸ்தானத்தில் அந்த விழாவுக்குத் தலைமை தாங்க நாகம்மையையும் அழைத்துக்கொண்டு புறப்பட்டார்.

(தொடரும்)